பட்டிக் கதவின் கொண்டி

அன்று காலை நான் போய்ச் சேர்ந்தபோது ஒன்பது ஆடுகள் பட்டிக்கு வெளியே வரிசையாகக் கிடத்தப்பட்டிருந்தன. அவற்றில் ஒன்றின் தொடை மட்டும் தின்னப்பட்டிருந்தது. மற்ற எட்டும் தொண்டையிலோ பிடரியிலோ கடிபட்டு, சதை சிறிதும் குறையாமல் செத்திருந்தன. நான் அளவு நாடாவையும் நோட்டுப் புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு, ஆடுகளுக்கு உரியவரான அந்த முதிய பெண்மணியிடம் வழக்கமான கேள்விகளைக் கேட்கத் தொடங்கினேன்: சிறுத்தை எத்தனை மணிக்கு வந்தது, எந்தப் பக்கமாக நுழைந்தது, நாய் குரைத்ததா. அவர் எல்லாவற்றுக்கும் பொறுமையாகப் பதில் சொல்லிவிட்டு, "தம்பி, அது எத்தனை மணிக்கு வந்துச்சுன்னு வர்றவங்க எல்லாரும் கேக்கறீங்க. இந்த ரெண்டு மாசமா நான் எத்தனை மணி வரைக்கும் முழிச்சுக் கிடந்தேன்னு ஒருத்தரும் கேக்கலையே" என்றார். என் படிவத்தில் அதற்கான கட்டம் இல்லை.

நான் படித்தது சிறுத்தைகளை எண்ணுவதற்கு. ஒற்றையடிப் பாதைகளின் இருபுறமும் ஒன்றையொன்று நோக்கியவாறு தானியங்கிக் கேமராக்களைப் பொருத்துவோம். ஒரே சிறுத்தைக்கு இடப்பக்கப் புள்ளிகளின் அமைப்பும் வலப்பக்கப் புள்ளிகளின் அமைப்பும் வேறுவேறாக இருக்கும் என்பதால், இரு பக்கமும் ஒருமுறையாவது ஒரே நேரத்தில் படத்தில் விழுந்தால்தான் அது இன்ன விலங்கு என்று உறுதியாகச் சொல்ல முடியும். எந்த விலங்கு எத்தனை முறை, எங்கெங்கே பதிவானது என்பதைக் கொண்டு, கேமராவில் சிக்காதவற்றையும் சேர்த்து மொத்த எண்ணிக்கையைக் கணிப்போம். இரண்டு ஆண்டுகள் இப்படி உழைத்துப் பெற்ற எண்ணை ஒரு கிராமக் கூட்டத்தில் நான் சற்றுப் பெருமையோடு அறிவித்தபோது யாரும் வியக்கவில்லை. பின்வரிசையில் உட்கார்ந்திருந்த ஒருவர் மட்டும், அந்த எண்ணைத் தெரிந்துகொண்டு இன்று இரவு எதைப் பூட்டுவது என்று கேட்டார்.

ஆனாலும் எண்ணிக்கை வீண் போகவில்லை. சிறுத்தை காட்டில் இரை கிடைக்காமல் வழி தவறி ஊருக்குள் வந்துவிட்டது என்றும், பிடித்துக் கொண்டுபோய்க் காட்டில் விட்டால் பிரச்சினை தீர்ந்துவிடும் என்றும் மக்கள் நம்பினார்கள். உண்மையைச் சொன்னால், படித்த நாங்களும் வெகுகாலம் அப்படித்தான் நம்பினோம். மகாராஷ்டிரத்தின் அகோலே பகுதியில் வனவிலங்கு ஆய்வாளர் வித்யா ஆத்ரேயாவும் அவருடைய குழுவினரும் செய்து 2013இல் வெளியிட்ட ஆய்வு அந்த நம்பிக்கையை அசைத்தது. சதுர கிலோமீட்டருக்கு 300 பேருக்கும் மேல் வாழும் விவசாய நிலத்தில், 100 சதுர கிலோமீட்டருக்கு 4.8 என்ற அளவில் சிறுத்தைகள் நிலையாக வாழ்ந்துகொண்டிருந்தன. அதே குழுவினர் பிறகு வெளியிட்ட இன்னோர் ஆய்வின்படி, அவை உண்ட இரையின் எடையில் 87 சதவீதம் வளர்ப்பு விலங்குகள். அதிலும் நாய்கள் மட்டுமே 39 சதவீதம். என் பகுதியில் நான் பொறுக்கிச் சேர்த்த சிறுத்தைகளின் மல எச்சங்களைக் கழுவி, அவற்றில் இருந்த முடிகளை நுண்ணோக்கியில் பார்த்தபோதும் அடிக்கடி தென்பட்டது நாயின் முடிதான். ஆக, அந்தச் சிறுத்தைகள் வழி தவறி வந்தவை அல்ல. அங்கேயே பிறந்து, அங்கேயே குட்டி போட்டு வாழ்பவை.

இதைக் கேட்டவுடன், குப்பை மேட்டை ஒழித்து நாய்களைக் குறைத்துவிட்டால் சிறுத்தையும் போய்விடுமே என்று தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஆனால் பட்டிகளைச் சரிசெய்யாமல் நாய்களை மட்டும் குறைத்தால், அதுவரை நாயைத் தேடிய விலங்கு அடுத்து ஆட்டைத் தேடும். முதலில் பட்டி, பிறகு குப்பை, அதன் பிறகே நாய் என்ற வரிசையைத்தான் இப்போது எங்கு போனாலும் வலியுறுத்துகிறேன்.

ஒரு சடலத்தைப் படிப்பது எப்படி என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஏனெனில் நம்பிக்கை அங்கேதான் கட்டப்படுகிறது, அங்கேதான் உடைகிறது. சிறுத்தை கொன்ற ஆட்டின் தொண்டையில் கோரைப்பற்கள் இறங்கிய ஆழமான துளைகள் இணையிணையாக இருக்கும். முடி அடர்ந்திருந்தால் அவை கண்ணுக்கே தெரியாது, விரலால் தடவித்தான் கண்டுபிடிக்க வேண்டும். பிறகு அந்த இடத்தில் தோலை உரித்துப் பார்க்க வேண்டும். உயிரோடு இருக்கும்போது கடிபட்டிருந்தால் தோலுக்கு அடியில் கருஞ்சிவப்பாக இரத்தம் கட்டி, தசையோடு சேர்ந்து உறைந்திருக்கும். நோயிலோ விபத்திலோ இறந்த ஆட்டைப் பிறகு ஒரு விலங்கு கடித்திருந்தால், துளை இருக்கும், இரத்தக்கட்டு இராது. நாய்களின் வேலை வேறு விதமானது. பின்னங்கால்கள், வால், காது, விலா என்று பல இடங்களில் தோல் கிழிந்திருக்கும். ஒரே கடியில் முடித்த அடையாளம் எங்கும் இருக்காது.

இந்தச் சான்றுகளெல்லாம் நண்பகலுக்குள் அழிந்துவிடும். வெயில், ஈ, காக்கை, வேடிக்கை பார்க்க வருபவர்களின் கால்கள் என்று அவற்றுக்கு எதிரிகள் பலர். ஆகவே, காலையில் இழப்பைக் கண்டவர் முதலில் செய்ய வேண்டியது சடலத்தை இழுத்துப் போடாமல் ஒரு தார்ப்பாயால் மூடிவைப்பதும், தெளிவான காலடித்தடம் இருந்தால் அதன் மேல் ஒரு சட்டியைக் கவிழ்த்து வைப்பதும்தான். கைப்பேசியில் படம் எடுக்கும்போது தடத்தின் அருகே ஒரு தீப்பெட்டியை வைத்துவிட்டால் அளவு தெரியும். இவ்வளவையும் செய்துவிட்டுக் காத்திருப்பவரிடம் மாலை ஐந்து மணிக்குப் போய் நின்றால், நாம் எவ்வளவு நேர்மையாக அறிக்கை எழுதினாலும் அது அவருக்கு அவமதிப்பாகவே படும். இழப்பீட்டுத் தொகை எப்போது வரும் என்பது என் கையில் இல்லை. ஆனால் நான் எத்தனை மணிக்குப் போய்ச் சேர்கிறேன் என்பது என் கையில்தான் இருந்தது.

சிறுத்தையின் பெயரில் பதிவாகும் இறப்புகள் சில நாய்களால் நேர்ந்தவை. நாய் கொன்ற ஆட்டுக்கு அப்போது இழப்பீடு இல்லை. இழந்தவருக்கோ இரண்டு இழப்பும் ஒன்றுதான். அதை அவர் முகத்தைப் பார்த்துச் சொல்வதே இந்த வேலையில் மிகக் கடினமானது. ஒருமுறை, வறுமையில் இருந்த ஒருவருக்காக, நாயின் கடி என்று தெளிவாகத் தெரிந்தும் "உறுதி செய்ய இயலவில்லை" என்று எழுதினேன். இரக்கத்தால் செய்ததுதான். ஆனால் அடுத்த சில வாரங்களில் அதே போன்ற சடலங்கள் என்னிடம் காட்டப்பட்டபோது, ஒருவருக்கு எழுதியதை இன்னொருவருக்கு எழுத மறுக்க என்னிடம் நியாயம் இல்லாமல் போயிற்று. உண்மையிலேயே சிறுத்தை கொன்ற ஆட்டைப் பற்றி நான் எழுதிய அறிக்கையையும் அதன் பிறகு சிலர் சந்தேகத்தோடுதான் பார்த்தார்கள்.

அதைவிடப் பெரிய தவறு ஒன்றையும் செய்தேன். "சிறுத்தை மனிதரைக் கண்டால் ஒதுங்கிவிடும், உங்களை ஒன்றும் செய்யாது" என்று ஒரு கூட்டத்தில் உறுதியாகச் சொன்னேன். முதல் பாதி பெரும்பாலும் உண்மை. இரண்டாம் பாதியைச் சொல்ல எனக்கு எந்த உரிமையும் இல்லை. சில மாதங்கள் கழித்து, மாலை மங்கும் நேரத்தில் குனிந்து புல் அறுத்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணைப் பின்னாலிருந்து சிறுத்தை தாக்கியது. அவர் நிமிர்ந்து கத்தியதும் அது ஓடிவிட்டது. தோளிலும் தலையிலும் தையல் போட்டு உயிர் பிழைத்தார். மருத்துவமனைக்குப் பார்க்கப் போன என்னை அவருடைய கணவர் திட்டவில்லை. "நீங்க சொன்னதாலதான் அவளைத் தனியா விட்டேன்" என்று மட்டும் சொன்னார்.

அன்றிலிருந்து "ஒன்றும் செய்யாது" என்ற தொடரை நான் பயன்படுத்துவதில்லை. அதற்குப் பதிலாக, ஆபத்து எப்போது கூடுகிறது என்பதைச் சொல்கிறேன். உட்கார்ந்திருப்பவரும் குனிந்திருப்பவரும் சிறுத்தையின் கண்ணுக்கு நிமிர்ந்து நிற்கும் மனிதராகத் தெரிவதில்லை. தனியாக நடக்கும் சிறு குழந்தையின் உயரம் அதன் வழக்கமான இரையின் உயரத்தை ஒத்தது. பொழுது சாய்ந்த பின்பும் விடியுமுன்பும் அது நடமாடும் நேரம். ஆகவே அந்த நேரங்களில் குழந்தைகளைத் தனியே அனுப்பாமல் இருப்பது, வெளியே போகும்போது பேசிக்கொண்டோ பாட்டு வைத்துக்கொண்டோ போவது, கழிப்பறைக்குப் போகும் பாதையில் புதரை வெட்டி விளக்குப் போடுவது, எதிரே பார்த்துவிட்டால் முதுகைக் காட்டி ஓடாமல் நின்று மெல்லப் பின்வாங்குவது என்று செய்யக்கூடிய காரியங்களாகச் சொல்கிறேன். எதைச் செய்தாலும் ஆபத்து முற்றாக நீங்காது என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். அப்படிச் சொன்னால் மக்கள் பயந்து கலைந்துவிடுவார்கள் என்று என் மேலதிகாரிகள் சிலர் எண்ணினார்கள். யாரும் கலையவில்லை, அவர்களுக்குத் தெரிந்த ஒன்றை நான் தாமதமாக ஒப்புக்கொண்டேன், அவ்வளவுதான்.

அந்தத் தாக்குதலுக்குப் பிறகு எதிர்பார்த்தபடியே கூண்டு வந்தது. உள்ளே ஒரு ஆட்டைக் கட்டி வைத்தார்கள், மூன்றாம் நாள் ஒரு சிறுத்தை சிக்கியது, படம் எடுத்தார்கள், ஊர் நிம்மதியடைந்தது. கூண்டுக்குள் இருந்த விலங்கின் இடப்பக்கப் புள்ளிகளை என் கேமராப் படங்களோடு ஒப்பிட்டபோது, அது அந்தப் பகுதியில் பல ஆண்டுகளாகப் பதிவாகியிருந்த ஒரு வயதான ஆண் என்பது தெரிந்தது. தாக்குதல் நடந்த அன்று அந்தியில் அது பள்ளத்தாக்கின் மறுகோடியில் இருந்த கேமராவில் விழுந்திருந்தது. நான் சொன்னதைக் கேட்கும் மனநிலையில் யாரும் இல்லை, அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. அதைத் தொலைவில் கொண்டுபோய் விட்டார்கள். அடுத்த சில மாதங்களில், அது விட்டுச்சென்ற இடத்தில் முன்பு நான் பார்த்திராத இரண்டு இளம் ஆண் சிறுத்தைகள் கேமராவில் தென்படத் தொடங்கின.

பிடித்து வேறிடத்தில் விடுவதால் என்ன நேரும் என்பதற்கு மகாராஷ்டிரத்தின் ஜுன்னர் பகுதி கசப்பான சான்று. அங்கே 1993 முதல் 2001 வரை மனிதர் மீதான தாக்குதல்கள் ஆண்டுக்குச் சராசரியாக 4 என்ற அளவில் இருந்தன. சிறுத்தைகளைப் பிடித்துக் காடுகளில் விடும் திட்டம் தொடங்கிய பிறகு, 2001–2003 காலத்தில் அந்தச் சராசரி 17 ஆக உயர்ந்தது. தாக்குதல்களில் உயிரிழப்பில் முடிந்தவற்றின் பங்கும் 18 சதவீதத்திலிருந்து 36 சதவீதமாக, அதாவது இரு மடங்காயிற்று. கூண்டில் பல நாள் அடைபட்டு, மனிதக் கூட்டத்தின் நடுவே கிடந்து, பழக்கமில்லாத நிலத்தில் இறக்கிவிடப்பட்ட விலங்கு, தன் பழைய இடத்தை நோக்கி அறியாத ஊர்களின் வழியாக நடக்கிறது. அங்குள்ளவர்களுக்கு இதற்கு முன் சிறுத்தையோடு வாழ்ந்த பழக்கம் இருக்க வேண்டும் என்பதில்லை. மனிதரையே தேடித் தாக்கும் விலங்கை அகற்றத்தான் வேண்டும், அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் எது அந்த விலங்கு என்று தெரியாமல் வைக்கப்படும் கூண்டு, மக்களின் கோபத்துக்குச் சொல்லும் பதிலாகவே முடிகிறது.

இனி அந்த ஒன்பது ஆடுகளுக்கு வருகிறேன். பசிக்கு ஒன்று போதும் என்னும்போது ஏன் ஒன்பதைக் கொன்றது? இரத்தவெறி என்றார்கள். திறந்தவெளியில் ஒன்றைப் பிடித்தவுடன் மற்றவை சிதறி ஓடிவிடும்; வேட்டை அதோடு முடிந்துவிடும். அடைத்த பட்டிக்குள் ஓட வழியில்லாமல் ஆடுகள் கண்முன்னே துள்ளிக்கொண்டே இருக்கும்போது, அசைவைக் கண்டு பாயும் இயல்பு நிற்பதில்லை. பனிச்சிறுத்தைகளும் பட்டிக்குள் புகுந்துவிட்டால் இப்படித்தான் செய்கின்றன. அதனால்தான் மலைநாடுகளில் அவற்றுக்காகக் கட்டும் பட்டிகளின் கூரையையும் கம்பி வலையால் மூடுகிறார்கள். இதிலிருந்து ஓர் உண்மை புலப்படும்: அரைகுறையான பட்டி, பட்டியே இல்லாததைவிட மோசமானது. உள்ளே விடவே கூடாது. விட்டால் எல்லாம் போயிற்று.

அந்தப் பட்டிக்குக் கம்பி வலை நாங்களே போட்டுக் கொடுத்தது. வலையின் அடிப்பகுதியை மண்ணுக்குள் புதைத்திருந்தோம், கூரைக்கும் சுவருக்கும் நடுவில் இருந்த இடைவெளியை அடைத்திருந்தோம். மூன்று பக்கமும் சுற்றிச் சுற்றிப் பார்த்தும் எங்கும் பிளவு தெரியவில்லை. கடைசியாகக் கதவைப் பார்த்தேன். கொண்டி நாதாங்கியிலிருந்து கழன்று தொங்கிக்கொண்டிருந்தது. கொண்டி எழாமல் இருக்க அதன் மேல் செருகும் முளையைக் காணவில்லை. கதவருகே புல்லுக்குள் கிடந்தது. சிறுத்தை தலையாலும் முன்காலாலும் கதவை முட்டியிருக்கிறது, ஆட்டத்தில் கொண்டி மெல்ல எழும்பிக் கழன்றிருக்கிறது, உள்நோக்கித் திறக்கும் கதவு தானாகத் திறந்துகொண்டது. இத்தனை மாத உழைப்பும் ஒரு சாண் குச்சியில் தங்கியிருந்ததை நாங்கள் யோசிக்கவே இல்லை. இப்போது நாங்கள் அமைக்கும் கதவுகள் வெளிநோக்கித் திறப்பவை. முட்டினால் அவை சட்டத்தோடு இன்னும் இறுகும். முளையை ஒரு சங்கிலியில் கோத்துக் கதவோடு கட்டிவிடுகிறோம். இருட்டில், மழையில், உடம்பு முடியாத ஒருவர் ஒற்றைக் கையால் பூட்ட முடிகிறதா என்று பார்த்த பிறகே அந்த இடத்தை விட்டு நகர்கிறோம்.

விளக்குகளையும் முயன்றோம். விட்டுவிட்டு ஒளிரும் விளக்கைப் பட்டியின் மேல் பொருத்தியபோது முதல் சில மாதங்கள் நல்ல பலன் இருந்தது. பிறகு ஒரு நாள் கேமராவைத் திறந்தால், அந்த விளக்கின் வெளிச்சத்திலேயே சிறுத்தை உட்கார்ந்து பாதத்தை நக்கிக்கொண்டிருந்தது. போட்ஸ்வானாவில் மாடுகளின் பின்புறத்தில் பெரிய கண்களை வரைந்து பார்த்தார்கள். பதுங்கிப் பாயும் விலங்கு, தன்னை இரை பார்த்துவிட்டது என்று எண்ணினால் முயற்சியைக் கைவிடும் என்பது அதன் அடிப்படை. 14 மந்தைகளில் 4 ஆண்டுகள் நடந்து 2020இல் வெளியான அந்த ஆய்வில், கண் வரையப்பட்ட 683 மாடுகளில் ஒன்றைக்கூட சிங்கமோ சிறுத்தையோ பதுங்கிக் கொல்லவில்லை. வெறும் குறுக்குக் கோடு வரையப்பட்ட 543இல் 4, எதுவும் வரையப்படாத 835இல் 15 கொல்லப்பட்டன. செலவு குறைந்த, அழகான உத்திதான். ஆனால் எல்லா மாட்டுக்கும் கண் வரைந்துவிட்டால் சிங்கம் எத்தனை நாளைக்கு ஏமாறும் என்ற கேள்வி எனக்கு இருக்கிறது. துரத்திப் பிடிக்கும் ஓநாய்க்கும் கழுதைப்புலிக்கும் இந்த உத்தி பொருந்தாது. எந்த உபாயத்தையும் தொடர்ந்து பயன்படுத்தினால் விலங்கு பழகிவிடும். ஆகவே குட்டி ஈனும் காலம் போன்ற நெருக்கடியான வாரங்களுக்கு அவற்றை மிச்சம் வைத்துக்கொள்வதே நல்லது.

எனக்கு மிகவும் பிடித்த எடுத்துக்காட்டு நமீபியாவிலிருந்து வருகிறது. அங்கே சிவிங்கிப்புலிகள் சில குறிப்பிட்ட மரங்களில் மணக்குறி இட்டுத் தங்களுக்குள் செய்தி பரிமாறிக்கொள்கின்றன. ஒரு வட்டாரத்தின் சிவிங்கிப்புலிகள் எல்லாம் அந்த மரங்களைச் சுற்றியே அதிகம் நடமாடுகின்றன. விலங்கின் கழுத்தில் மாட்டி அதன் இருப்பிடத்தை அறியும் ரேடியோ காலரின் தரவிலிருந்து ஆய்வாளர்கள் இதைக் கண்டறிந்து சொன்னதும், கன்றுகளோடு கூடிய மந்தைகளைப் பண்ணையாளர்கள் அந்த இடங்களிலிருந்து தள்ளி மேய்த்தார்கள். அந்தப் பண்ணைகளில் கன்றுகளின் இழப்பு 86 சதவீதம் குறைந்தது. 2020இல் வெளியான இந்த முடிவைப் படித்த பிறகு, என் பகுதியின் மேய்ப்பர்களிடம் போய், எங்கே ஆடு அதிகம் தொலைகிறது என்று வரைபடத்தை விரித்து வைத்துக் கேட்டேன். ஓடை வளையும் இடத்தில் ஒரு பாறை இடுக்கை அனைவரும் ஒரே குரலில் காட்டினார்கள். கேமரா வைத்தேன், ஒரு பெண் சிறுத்தை ஏறத்தாழ நாள்தோறும் மாலையில் அந்த வழியாகப் போய்வந்தது. நான்கு மணிக்கு மேல் அந்தப் பக்கம் மந்தையை ஓட்டுவதில்லை என்று அவர்களே முடிவு செய்தார்கள். இதை அவர்கள் முன்பே அறிந்திருந்தார்களே, ஏன் செய்யவில்லை என்றால், ஒருவர் மட்டும் விலகினால் அந்த மேய்ச்சலை மற்றவர் எடுத்துக்கொள்வார். எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து பேச ஒரு வரைபடமும் ஒரு வெளியாளும் தேவைப்பட்டது. அந்த வெளியாளாக இருந்ததுதான் அதில் என் பங்கு.

காலர் பற்றி ஓர் எச்சரிக்கை. விலங்கு இப்போது எங்கே இருக்கிறது என்று மக்கள் கேட்பார்கள், கேட்பது நியாயம். ஒருமுறை சொன்னேன். அன்று மாலையே இருபது பேர் கம்போடு அந்தப் புதரைச் சூழ்ந்துகொண்டார்கள். நல்லவேளையாக அது முன்பே நகர்ந்துவிட்டிருந்தது. காலர் மாட்டாத சிறுத்தைகளும் அங்கே உண்டு என்பதால், "அது தொலைவில் இருக்கிறது" என்று சொல்வதும் பொய்யான நிம்மதியைத்தான் தரும். நேற்று எந்த நேரங்களில், எந்த வழியாக நடந்தது என்பதை மட்டும் இப்போது சொல்கிறேன்.

"மனித–விலங்கு மோதல்" என்று நாமெல்லாம் எழுதுகிறோம். மோதல் என்றால் இரு தரப்பும் வேண்டுமென்றே எதிர்த்து நிற்பதாக ஒரு பொருள் வந்துவிடுகிறது. ஆட்டை இழந்தவருக்கு அந்த விலங்கோடு பகை எதுவும் இல்லை, இழப்புதான் இருக்கிறது. இணைந்து வாழ்வது ஏழை நாடுகளின் மீது சுமத்தப்படும் பாரம் என்ற வாதத்திலும் ஓரளவே உண்மை உண்டு. 2014இல் வெளியான ஒரு விரிவான ஆய்வின்படி, ஐரோப்பியப் பெருநிலப்பரப்பின் மூன்றில் ஒரு பங்கில் ஏதேனும் ஒரு பெரிய ஊனுண்ணி நிலையாக வாழ்கிறது. ஓநாய்கள் மட்டும் அப்போது ஏறத்தாழ 12,000 இருந்தன. அங்கும் மேய்ப்பர்கள் இரவில் விழித்துத்தான் கிடக்கிறார்கள்.

என் படிவத்தில் இப்போது ஒரு கட்டம் கூடியிருக்கிறது: கடந்த வாரத்தில் எத்தனை இரவுகள் தூக்கம் கெட்டது. பட்டியைச் சரிசெய்து ஓராண்டு கழித்து அந்த முதிய பெண்மணியிடம் அதைக் கேட்கப் போனேன். கதவருகே வைத்திருந்த கேமராவில், இரண்டு வாரங்களுக்கு முன் அதிகாலை 2.17க்கு ஒரு சிறுத்தை பட்டியை இரண்டு முறை சுற்றிவந்து, கதவில் முன்காலை வைத்து அழுத்தி, கொண்டியை முகர்ந்துவிட்டுப் போனது பதிவாகியிருந்தது. மடிக்கணினியில் ஓட்டிக் காட்டினேன். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அருகில் குனிந்து பார்த்தார். எந்தக் கிழமை என்று கேட்டார், சொன்னேன். "அன்னிக்கு நான் நல்லா தூங்கிட்டேனே தம்பி" என்றார், ஏதோ தவறு செய்துவிட்டவர் போல. பிறகு என்னைப் பட்டியின் பின்பக்கத்துக்கு அழைத்துப் போய், மண்ணை ஒட்டிய இடத்தில் வலை துருப்பிடிக்கத் தொடங்கியிருந்ததைக் காலால் தொட்டுக் காட்டினார். இரண்டு கண்ணிகள் விட்டுப்போயிருந்தன. அன்று மாலைக்குள் மாற்றிவிட்டோம்.